மூன்று துலங்கிகள்

துலங்கிக் கல்லைப் பாறையிலிருந்து எவன் பெயர்க்கிறானோ, அவன் மூச்சு இருக்கும்வரை அது வெளிச்சம் தரும். அவன் போனால் கல்லும் அணைந்துவிடும். அதனால் எங்கள் ஊரான ஆர்வேனில் எந்தப் பெண்ணும் தன் வீட்டு ஆள் வெட்டிய கல்லை வீட்டில் வைத்துக்கொள்வதில்லை. அதையே பார்த்துக்கொண்டிருந்தால் உலை வைக்கத் தோன்றாது. வெட்டியதெல்லாம் ஆற்றோடு கீழ்நாட்டுக்குப் போய்விடும். எங்களுக்கு எண்ணெய் விளக்குதான்.

குழிவாயில் மட்டும் ஒரு பலகை உண்டு. ஒவ்வொருவனும் முதன்முதலில் பெயர்த்த கல் அதில் இருக்கும், கீழே அவன் பெயர். எங்கள் குழியில் வெட்டுகிறவர்கள் மூன்றே பேர்: ஹத்ரோ, தவ்ரின், ஓர்காம். கூடையைக் கயிற்றில் ஏற்றி இறக்குவது என் வேலை.

பனி உருகத் தொடங்கிய ஒரு காலையில், மூவரும் இறங்கிக் கொஞ்ச நேரத்தில், மலை ஒருமுறை குலுங்கியது. குழி தூசியைக் கக்கியது. பலகை என் காலடியில் விழுந்து நொறுங்க, மூன்று கற்களும் மண்ணில் உருண்டன. முட்டை அளவில் மூன்றும் ஒன்றுபோல இருந்தன. விழுந்தபோதே ஒன்று அணைந்திருந்தது. இன்னொன்று மங்கிக்கொண்டே வந்து, நான் பார்க்கப் பார்க்க அணைந்தது. மூன்றாவது மட்டும் வெளிச்சம் குறையாமல் கிடந்தது.

ஹத்ரோவின் மனைவி மெலிசு மாவு ஒட்டிய கைகளோடு ஓடி வந்தாள். பின்னாலேயே தவ்ரினின் தங்கை இவ்னா.

“எது யாரோடது?” மெலிசு என் சட்டையைப் பிடித்தாள். “தினமும் பாக்கறவன்தானே நீ? சொல்லு!”

“தெரியலக்கா. எல்லாம் கலந்துபோச்சு.”

இவ்னா வெளிச்சமாயிருந்த கல்லை எடுத்தாள். “எங்க அண்ணனோடது லேசா நீலமா இருக்கும். இதப் பாருங்க, நீலந்தான்.”

“என்னடி நீலம்? வெள்ளையா இருக்கு. குடு இங்க, அவரு கல்லு அது.”

“உங்களுக்கு எப்படிக்கா தெரியும்?”

“பதினெட்டு வருஷம் குடும்பம் நடத்தினவளுக்குத் தெரியாதா?”

இருவரும் இழுத்ததில் கல் கீழே விழுந்தது. இருவருமே பதறிப்போனார்கள். மெலிசு அதை எடுத்து மண்ணைத் துடைத்தாள். அவள் குரல் தணிந்திருந்தது.

“யாரா இருந்தா என்னடி, ஒருத்தன் உசுரோட இருக்கான். வா, தோண்டலாம்.”

ஓர்காமின் பெயரை யாரும் எடுக்கவில்லை. அவனுக்குச் சொந்தம் என்று ஒருவரும் இல்லை. வாயைத் திறந்தால் வசவுதான். அவனோடு சண்டை போடாத வீடு ஊரில் கிடையாது. எனக்கு அவன் நினைப்பு வந்தது. ஆனால் நானும் சொல்லவில்லை.

ஊரே கடப்பாறையோடு வந்தது. மறுநாள் உச்சிப்பொழுதில் பாறைக்கு அப்பால் தட்டும் சத்தம் கேட்டது.

“என்னங்க!” என்று மெலிசு அலறினாள். “அண்ணா! அண்ணா!” என்று கத்தினாள் இவ்னா.

உள்ளே ஒரு இருமல். “கத்தித் தொலைக்காதீங்க. மண்ணு கொட்டுது.”

அப்படிப் பேசுகிறவன் ஒருவன்தான். மெலிசு அப்படியே உட்கார்ந்துவிட்டாள். இவ்னா பாறைச் சுவரில் நெற்றியை அழுத்தி நின்றாள். கடப்பாறைகள் ஓய்ந்தன.

“என்ன, நிறுத்திட்டீங்க?” என்றது உள்ளிருந்த குரல். சற்றுப் பொறுத்து, மெதுவாக: “நான்தான்னு தெரிஞ்சுபோச்சா?”

மெலிசு எழுந்தாள். மூக்கைச் சிந்திவிட்டுக் கடப்பாறையைக் கையில் எடுத்தாள்.

“தள்ளி உக்காரு ஓர்காம். மேல பட்டுடப்போவுது.”

சாயும் வெயிலில் அவனை வெளியே எடுத்தோம். ஒரு கால் நசுங்கியிருந்தது. அவன் பெண்களின் முகத்தைப் பார்க்கவில்லை.

“ஹத்ரோ பாறை விழுந்ததும் போயிட்டான். வலி தெரிஞ்சிருக்காது. தவ்ரின் கொஞ்ச நேரம் பேசிட்டிருந்தான். என் கையப் பிடிச்சுக்கிட்டு.”

“என்ன பேசினான்?” என்றாள் இவ்னா.

“தங்கச்சிய மலைக்கு அந்தப் பக்கம் கட்டிக்குடுக்க வேணாம்னான். அங்க குளிரு ஜாஸ்தியாம். அவளுக்குச் சளி பிடிச்சா லேசுல விடாதாம்.”

இவ்னா சிரிக்கப் போனவள் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள்.

“நான் போயிருக்கணும்,” என்றான் ஓர்காம். “எனக்குன்னு அழ யாரு இருக்கா?”

“அதெல்லாம் நீ முடிவு பண்ண வேணாம். வாயத் திற,” என்று மெலிசு பார்லிக் கஞ்சியை ஊட்டினாள். கஞ்சி அவன் தாடியில் வழிந்தது. அவன் வசவு எதுவும் சொல்லவில்லை.

நான்காம் நாள் மற்ற இருவரையும் எடுத்து அடக்கம் செய்தோம். ஓர்காமை நாற்காலியோடு தூக்கிப்போனோம்.

அவன் கால் எலும்பு கோணலாகக் கூடியது. அந்தக் கோடை முழுக்க மெலிசுவும் இவ்னாவும் முறைவைத்து அவனுக்குச் சாப்பாடு கொண்டுபோனார்கள். ஒருநாள் நான் பார்க்கப் போயிருந்தபோது திடீரென்று கேட்டான்:

“மேல ஒரு கல்லு எரிஞ்சிட்டிருந்ததே, யாருதுன்னு நெனச்ச?”

“உங்களோடதா இருக்கக்கூடாதுன்னு நெனச்சேண்ணே.”

அவன் என்னையே பார்த்தான்.

“உள்ள இருந்தப்போ நானும் அதத்தான் நெனச்சேன்,” என்றான். பிறகு, “அந்தத் தலகாணிய இப்படித் தள்ளு, முதுகு நோவுது,” என்றான்.