சொல்லாமல் விட்ட சாவு

சமையலறைத் தொலைபேசியை நான் எடுத்தது என் கெட்ட காலம். பக்கத்தில் நின்ற சுவிஸ்காரன் எடுத்திருந்தால் கேட்டதைக் கேட்டபடி சொல்லியிருப்பான். முந்திரிக்கொட்டை மாதிரி நான்தான் முந்திக்கொண்டேன்.

லுசேர்ணில் ஏரிக்கரை ஹோட்டல் ஒன்றில் இருபத்திரண்டு வருடமாக நானும் ஷிமேயும் ஒரே சமையலறையில் நிற்கிறோம். அவன் குரோவேஷியாக்காரன், மீன் அவன் பொறுப்பு. நான் தவச்செல்வன், சூப்பும் சோஸும் என் பொறுப்பு. எங்களுக்குள் டொச்சில், அதாவது ஜெர்மன் மொழியில்தான் பேச்சு. இரண்டு பேரின் டொச்சும் அடுப்படியில் படித்தது என்பதால், அவன் பேசியதை இங்கே என் தமிழில் சொல்கிறேன்.

அவன் ஊர் ஸ்டாராலூக்கா. கடலோரம், குளிர்காலத்தில் இருநூறு சனம். வெனிஸ்காரன் கட்டிய மதில், ஆஸ்திரியன் போட்ட துறை, இத்தாலிக்காரன் விட்டுவிட்டுப் போன மத்தி மீன் தொழிற்சாலை. அதையும் இழுத்து மூடியாயிற்று. கடைசிச் சண்டையில் விழுந்த ஷெல்லின் ஓட்டை தேவாலயச் சுவரில் இன்னும் இருக்கிறதாம். பாதி வீடுகளை ஜெர்மன்காரர் விடுமுறைக்கு வாங்கிவிட்டார்கள். சரித்திரம் உங்கள் ஊருக்கு வந்து சாப்பிட்டுவிட்டு, கோப்பையைக் கழுவாமல் எழும்பிப் போயிருக்கிறது என்பேன். ஷிமே சிரிப்பான்.

ஆனால் சாவு விஷயத்தில் மட்டும் அந்த ஊர் அசையாது. செத்தவரின் படம் போட்ட தாளைத் துறைமுகப் பலகையில் ஒட்டுவார்கள். மறுநாளே அடக்கம். பெட்டியை ஆறு பேர் தோளில் தூக்கி, குன்றின் மேலுள்ள மயானத்துக்குப் படியேற வேண்டும். முன்னால் வலப்பக்கம் மூத்த மகனின் இடம். அவன் கடலில் இருந்து, செய்தி எட்டவில்லை என்றால், அந்த இடத்தை வெறுமையாக விட்டு ஐந்து பேர் தூக்குவார்கள். செய்தி எட்டியும் வராவிட்டால் வேறொருவன் அங்கே தோள் கொடுப்பான். அதற்குப் பிறகு அந்த மகன் ஊருக்குப் போனால் காப்பிக்கடையில் யாரும் கதிரை இழுத்துப் போடமாட்டார்கள். இதை ஷிமே எனக்குப் பத்துத் தடவையாவது சொல்லியிருப்பான். நானும் தலையாட்டிக் கேட்டிருக்கிறேன்.

அந்த வியாழக்கிழமை மத்தியானம் அழைத்தவள் அவன் தங்கச்சி நெவென்கா. ஜெர்மனியில் வேலை செய்தவள், டொச் சுத்தமாகப் பேசினாள். அம்மா காலையில் இறந்துவிட்டார், நாளை நான்கு மணிக்கு அடக்கம், அண்ணன் கைத்தொலைபேசியை எடுக்கவில்லை, உடனே சொல்லுங்கள் என்றாள். சொல்கிறேன் என்றேன்.

திரும்பிப் பார்த்தேன். ஷிமே அடுப்புக்கு முன்னால், கையில் கொதிக்கும் எண்ணெய்ச் சட்டி. காலையிலிருந்து பச்சைத்தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. எங்கள் தமிழ் ஆட்கள் சாவை முகத்துக்கு நேரே சொல்வதில்லை. "கடும் வருத்தமாம், உடனே வெளிக்கிடு" என்று, ஏதோ நோய் போலச் சொல்வோம். கேட்டவனுக்கு விளங்கிவிடும். ஆனாலும் விளங்காதவன் போல் வீடு வரை போய்ச் சேர்வான். என் அப்பாவின் சாவும் எனக்கு அப்படித்தான் வந்தது.

"ஷிமே, அம்மாவுக்குக் கடும் வருத்தமாம். தங்கச்சி போன் எடுத்தவ. இண்டைக்கே வெளிக்கிடு" என்றேன்.

"அவவுக்கு மூண்டு வருசமா வருத்தம்தானே. சனிக்கிழமை ஹோட்டல் கலியாண விருந்து முடியட்டும். ஞாயிறு போறன்."

"இல்லை, பின்னேரம் பஸ் இருக்கு. நாளைக்கு மத்தியானம் போய்ச் சேருவாய். போ."

"நெவென்கா எல்லாத்தையும் பெருப்பிச்சுத்தான் சொல்லுவாள்."

அந்த இடத்தில் நான் உடைத்துச் சொல்லியிருக்க வேண்டும். நாக்கு நுனி வரை வந்தது. முதலில் சாப்பிடட்டும் என்று ஒத்திப்போட்டேன். சாப்பிட்டான். சாப்பிட்டு ஏப்பம் விட்டவனிடம் எப்படிச் சொல்வது? எப்படியும் தங்கச்சியோடு கதைப்பான்தானே என்று மனதுக்குச் சமாதானம் சொல்லி, மூன்று மணிக்கு வீட்டுக்குப் போய்விட்டேன். அவன் மாலையில் அவளை அழைத்தானாம். இழவு வீட்டில் யார் போனைத் தேடுவது? அண்ணன் பஸ்ஸில் வந்துகொண்டிருக்கிறான் என்று அவள் இருந்துவிட்டாள்.

வெள்ளிக்கிழமை எனக்கு லீவு. காலையில் என் மனைவி சிவமலரிடம் சொன்னேன்.

"அவையளுக்கு எங்கட கதை விளங்குமோப்பா? இப்பவே போன் எடுத்துச் சொல்லுங்கோ!" என்று கத்தினாள்.

எடுத்தேன். அவன் கைத்தொலைபேசி ஹோட்டல் உடுப்பு அலுமாரிக்குள் அடித்துக்கொண்டு கிடந்திருக்கும். சமையலறைக்கு எடுக்க எனக்குத் துணிச்சல் வரவில்லை. இனி எந்த வண்டி பிடித்தாலும் அவன் அடக்கத்துக்குப் போய்ச் சேரமாட்டான் என்பது எனக்குத் தெரியும்.

நான்கு மணிக்கு நெவென்கா மறுபடி ஹோட்டலுக்கு அழைத்தபோது ஷிமே மீன் கழுவிக்கொண்டிருந்தானாம். செய்தி எட்டியும் வராத மகன் என்று, ஊரில் அவன் இடத்தில் சித்தப்பா மகன் தோள் கொடுத்தான்.

ஒரு கிழமை கழித்துத் திரும்பி வந்தான். முகம் ஒட்டிப்போயிருந்தது. இடைவேளையில் என்னைப் பின்வாசலுக்குக் கூப்பிட்டான். தூறிக்கொண்டிருந்தது.

"நெவென்கா உனக்குச் சாவைச் சொல்லேல்லை, என்ன?" என்றான். "வருத்தம் எண்டுதானே சொன்னவள்? இப்ப ஊருக்கு முன்னாலை, சொன்னனான் எண்டு சத்தியம் பண்ணுறாள். பொய்க்காரி எண்டு பேசிப்போட்டு வந்திட்டன். இனி அவளின்ரை வாசல் மிதிக்கமாட்டன்."

ஓம் என்ற ஒற்றைச் சொல் போதும், நான் தப்பிவிடலாம். அதைச் சொல்ல எனக்கு ஆசையாகத்தான் இருந்தது. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன். ஆனால் அவனுக்கு உலகத்தில் மிச்சம் இருப்பது அந்தத் தங்கச்சி ஒருத்திதான்.

"அவ சொன்னவ" என்றேன். "அம்மா செத்திட்டா, நாளைக்கு நாலு மணிக்கு அடக்கம், எல்லாம் வடிவாச் சொன்னவ. நான்தான் மறைச்சனான்."

"ஏன்?"

"நீ அண்டைக்குச் சாப்பிடேல்லை."

அடிப்பான் என்று நினைத்தேன். அடித்திருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். அவன் சுவரில் சாய்ந்துகொண்டு தங்கச்சிக்கு எடுத்து, அவர்கள் மொழியில் நெடுநேரம் பேசினான். மன்னிப்புக் கேட்கிறான் என்பது குரலில் தெரிந்தது. அழுதான். பிறகு போனை வைத்துவிட்டு என்னைப் பார்த்தான்.

"இருபத்திரண்டு வருசத்திலை வேறை ஆர் ஆர் செத்ததை எனக்குச் சொல்லாமல் வைச்சிருக்கிறாய்?" என்று கேட்டான்.

ஒருவருமில்லை என்றேன். அவன் நம்பவில்லை.