கடலுக்கு முன் இரண்டு இடங்கள்

கைப்பைக்குள் இருந்த தொலைபேசி இரண்டு தரம் அதிர்ந்தபோது எங்கள் சிறிய சுற்றுலா வான் கிரீட் தீவின் மலைப்பாதையில் இறங்கிக்கொண்டிருந்தது. எடுத்துப் பார்த்தேன். ஐந்து புள்ளி இரண்டு. பக்கத்தில் கீழ்நோக்கி ஒரு அம்புக்குறி. அது என் கணவர் குகநேசனுடைய இரத்தத்தில் இருந்த சீனியின் அளவு. நான்குக்குக் கீழே போனால் ஆபத்து. அவருடைய மேல்கையில் சட்டைக்குள்ளே ஒரு வெள்ளை வட்டம் ஒட்டியிருக்கும். அது அளப்பதையெல்லாம் என் தொலைபேசிக்கும், ஒஸ்லோவில் இருந்த மகள் ஆரணியின் தொலைபேசிக்கும் அனுப்பிக்கொண்டே இருக்கும். தன்னுடையதில் எச்சரிக்கை ஒலியை அவர் நிறுத்தி வைத்திருந்தார். நேரம் காலை பத்து. அவர் இன்னும் ஒன்றும் சாப்பிடவில்லை. அதில் அதிசயம் இல்லை, அன்று ஆடி அமாவாசை. ஆனால் விரத நாளில் இன்சுலின் ஊசியைப் பாதியாகக் குறைத்துப் போடும்படி மருத்துவர் சொல்லியிருந்தார். பாதி போட்டிருந்தால் அளவு இந்த வேகத்தில் இறங்காது.

"இஞ்சருங்கோ, ஊசி போட்டனீங்களோ?"

"போட்டனான்."

"பாதிதானே?"

அவர் யன்னலுக்கு வெளியே ஒலிவ் மரங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். "முழுசா."

விடிய ஏழு மணிக்கு விடுதிக்கு முன்னால் இருந்த கடலில் முழுகி, தகப்பனுக்கு எள்ளும் தண்ணீரும் இறைத்துவிட்டு, உடனேயே சாப்பிட்டு வானில் ஏறுவது என்பதுதான் அவருடைய திட்டம். சாப்பிடப்போகிறேன்தானே என்று ஊசியை முழு அளவுக்கும் போட்டிருக்கிறார். போட்ட பிறகுதான் எங்கள் கோயில் நாட்காட்டியைத் தொலைபேசியில் திறந்து பார்த்திருக்கிறார். அமாவாசை தொடங்குவது ஒஸ்லோ நேரம் பத்து ஐம்பத்திரண்டுக்கு. கிரேக்கத்தில் ஒரு மணித்தியாலம் கூட. அமாவாசை பிறக்க முன்னர் கடலில் இறங்கி என்ன பயன்? அடுத்த நாள் விடிய ஒஸ்லோவுக்கு விமானம். அன்றைய சுற்றுலாவின் கடைசி இடம் மாத்தலா என்ற கடற்கரை, அங்கே முழுகலாம் என்று முடிவெடுத்துத் துவாயை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு வந்துவிட்டார். என்னிடம் சொன்னது, "பின்னேரம் முழுகுறன்" என்பது மட்டும்.

"மாத்தலாவுக்கு எத்தினை மணிக்குப் போவினம்?"

"மூண்டு மணிக்கு."

"அதுமட்டும் இருக்க ஏலாது. சீனி இறங்கி விழுந்த ஆக்களை நான் நிலத்திலை இருந்து தூக்கினனான்."

நான் ஒஸ்லோவின் ஸ்டோவ்னரில் ஒரு முதியோர் இல்லத்தில் இருபத்திரண்டு வருடமாக வேலை செய்கிறவள்.

"அப்ப என்னையும் உங்கடை இல்லத்திலை சேர்த்துப்போட்டீரோ?" என்று சிரித்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, "நீர் பேசாமல் இரும். ஆக்கள் பாக்கினம்" என்றார்.

ஆட்கள் என்றால் ஆறு பேர். ட்ரொண்ட்ஹைமிலிருந்து வந்த ஓய்வுபெற்ற ஆசிரியர்கள் நால்வர். ஒஸ்லோவில் ஒரு கணினி நிறுவனத்தில் வேலை செய்யும் தமிழ்நாட்டுத் தம்பதி, அஷ்வினும் இந்துஜாவும். வானை ஓட்டியதும் விளக்கம் சொன்னதும் எம்மா என்ற நோர்வேஜியப் பெண். தொல்லியல் படிக்க வந்து இந்தத் தீவில் கலியாணம் கட்டி நின்றுவிட்டவள். எதையும் நோர்வேஜிய மொழியில் ஒருமுறை, இந்துஜா தம்பதிக்காக ஆங்கிலத்தில் ஒருமுறை சொல்வாள். இந்த ஒருநாள் பயணம் என் கணவருடைய அறுபதாவது பிறந்தநாளுக்கு ஆரணி கொடுத்த பரிசு.

முதலாவது இடம் கோர்ட்டின். ஒரு பழைய நகரத்தின் மிச்சம். கம்பி வேலிக்குப் பின்னால், கல்லில் சட்டங்களை வெட்டி வைத்த நீளமான சுவர் ஒன்று நின்றது. ஒரு வரி வலமிருந்து இடமாகவும் அடுத்தது இடமிருந்து வலமாகவும், உழுகிற மாடு திரும்புவதுபோல எழுதப்பட்டிருக்கிறது என்று எம்மா காட்டினாள். இரண்டாயிரத்து ஐந்நூறு வருடப் பழமை. புருசன் செத்தால் பெண்சாதி தான் கொண்டுவந்ததை எடுத்துக்கொண்டு போகலாம் என்றுகூட அதில் இருக்கிறதாம். ஆசிரியைகளில் ஒருத்தி அதைக் குறித்துக்கொண்டாள். நான் தொலைபேசியைப் பார்த்தேன். நான்கு புள்ளி ஐந்து.

இந்துஜா பையிலிருந்து பேரீச்சம்பழப் பெட்டியை எடுத்து அவரிடம் நீட்டினாள்.

"வேண்டாம் பிள்ளை. இண்டைக்கு விரதம்."

"ஓ, ஆடி அமாவாசை! எங்க மாமனாரும் பண்ணுவார் அங்கிள். ஆனா காலைல ஏழு மணிக்கே தர்ப்பணத்த முடிச்சுட்டு பலகாரம் சாப்பிட உக்காந்துடுவார்."

"அவருக்குக் கடல் கிட்டவாக்கும்."

"கடலா? பாத்ரூம் பக்கெட் அங்கிள்."

அவர் வாய்விட்டுச் சிரித்தார். "எங்கடை ஆக்களுக்கு அவ்வளவு மூளை இல்லைப் பிள்ளை. நாங்கள் கடல் தேடித் திரியிற ஆக்கள்."

அந்தச் சிரிப்பைப் பார்த்து எனக்குக் கொஞ்சம் தெம்பு வந்தது. ஆனால் வானுக்குத் திரும்பி நடக்கும்போது சமதரையில் அவருடைய கால் ஒருமுறை தடுக்கியது. அப்போதுதான் ஆரணி அழைத்தாள். ரெயினில் வருகிறாள் போல, பின்னால் இரைச்சல்.

"அம்மா, அப்பாக்கு ஏன் நாலுக்குக் கீழை போகுது? என்ன செய்யிறியள் அங்கை?"

"விரதம் பிள்ளை. நான் பாத்துக்கொள்ளுறன்."

"விரதமோ? அம்மா, நீங்களே நோயாளியளைப் பாக்கிறதுக்கு ஹெல்ஸஃபாக் படிச்சனீங்கள். ஏதாவது குடுங்கோ. அங்கை லேகவாக்த் கிளினிக் ஒண்டும் இல்லையோ, கொண்டுபோய்க் காட்டுறதுக்கு?"

"இஞ்சை கல்லுகள்தான் இருக்கு."

"பகிடி விடாதேங்கோ. நான் ரொம்மனிலை இறங்கினவுடனை திருப்பி எடுப்பன்."

மூன்று புள்ளி ஒன்பது.

அடுத்த இடத்துக்கு இருபது நிமிட ஓட்டம். வானின் குளிரூட்டியில் அவருடைய நெற்றி மட்டும் வேர்த்திருந்தது. எம்மாவிடம் சொல்லப்போகிறேன் என்றேன். வானைக் கடலுக்கு முதலில் விடட்டும், எல்லாருக்குமான மதியச் சாப்பாட்டைப் பிறகு பார்க்கட்டும்.

"சொன்னால் நான் இந்த றோட்டிலை இறங்கி நடப்பன்."

"ஏன் இப்பிடிச் செய்யிறியள்?"

"எட்டுப் பேருக்குப் போட்ட நேரத்தை என்ர வயித்துக்காக மாத்தச் சொல்லுறதோ? இருபத்தாறு வருசமா பஸ் ஓட்டுறன். ஒருத்தனுக்காக மற்ற எல்லாரும் பிந்தக் கூடாது."

அவர் சொல்லாத காரணம் எனக்குத் தெரியும். அவருடைய தகப்பனை எண்பத்தொன்பதில் ஒரு சோதனைச் சாவடியில் பேருந்திலிருந்து இறக்கினார்கள். பேருந்து புறப்பட்டுவிட்டது. தகப்பன் திரும்பி வரவில்லை. எந்தத் திகதியில் என்ன நடந்தது என்று இன்றுவரை ஒருவருக்கும் தெரியாது. திகதி தெரியாததால் திவசம் இல்லை. மாமியார் கடைசிவரை பொட்டை அழிக்கவில்லை. அவர் உயிரோடு இருக்கும்வரை என் கணவரும் ஆடி அமாவாசைக்கு விரதம் இருந்ததில்லை, இருந்தால் தகப்பன் செத்தார் என்று ஒப்புக்கொண்டதாகிவிடும். மாமியார் போன பிறகுதான், ஏழு வருடங்களுக்கு முன், முதன்முறை ஒஸ்லோ ஃபியோர்ட் கடலில் இறங்கித் தண்ணீர் இறைத்தார். கரையேறி வந்து துவாயால் முகத்தைத் துடைத்தபடி சொன்னார்: "நான் அவரைச் செத்தவர் எண்டு சொல்லிப்போட்டன். இனி இந்தப் பசியாவது ஒழுங்கா இருக்கவேணும்."

ஆகவே, ஒரு வாய் பழச்சாறு எனக்கும் ஆரணிக்கும் மருந்தாக இருந்தது, அவருக்கு அப்படி அல்ல.

பைஸ்டோஸ் ஒரு குன்றின் மேல் இருந்தது. நான்காயிரம் வருடத்துக்கு முந்திய அரண்மனையாம். நுழைவாயில் பக்கத்தில் ஒரு சிற்றுண்டிக் கடை. அதைத் தாண்டினால் படிகள், முற்றங்கள், இடுப்பளவு மதில்கள். நிழல் என்று சொல்ல ஒரு மரமும் கீழே இல்லை. முப்பத்தெட்டுப் பாகை வெயில். எம்மா தானியம் சேர்த்து வைத்த பெரிய சாடிகளைக் காட்டிக்கொண்டிருந்தாள். என் கண் தொலைபேசியில் இருந்தது. மூன்று புள்ளி ஐந்து. மூன்று புள்ளி மூன்று.

அகலமான படிக்கட்டு வரிசையில் அவர் தானாகவே உட்கார்ந்தார். இந்துஜா குடையை அவர் தலைக்கு மேலே பிடித்தாள்.

"ஆன்ட்டி, அங்கிளுக்கு முடியல போலருக்கே."

"ஆருக்கு முடியேல்லை?" என்று அவர் கத்தினார். இந்துஜா திடுக்கிட்டுப் பின்வாங்கினாள். பிறகு அவர் என் பக்கம் திரும்பி, அத்தனை பேருக்கும் முன்னால், "நீர்தான் ஊரெல்லாம் சொல்லித் திரியிறீர். உமக்கு எப்பவும் என்னை நோயாளியாக்கிப் படுக்க வைக்கவேணும்" என்றார். முப்பத்திரண்டு வருடத்தில் மற்றவர்கள் முன் அவர் என்னிடம் குரலை உயர்த்தியதில்லை. அது அவர் அல்ல, இறங்கிப்போன சீனிதான் கத்துகிறது என்று என் வேலை எனக்குச் சொல்லித் தந்திருந்தது. அவருடைய கை முழங்காலில் நிற்காமல் துள்ளிக்கொண்டிருந்தது.

கொஞ்ச நேரத்தில் குரல் இறங்கிவிட்டது. "பஸ் எத்தினை மணிக்கு?" என்று கேட்டார்.

"எந்த பஸ்?"

"ஐயா ஏறின பஸ்."

மூன்று புள்ளி பூச்சியம்.

இந்துஜாவிடம் அவர் தோளைப் பிடித்துக்கொள்ளச் சொல்லிவிட்டு நான் படிகளில் ஏறினேன். ஓடினேன் என்றுதான் சொல்லவேண்டும். கடையில் ஒரு தண்ணீர்ப் போத்தல் வாங்கி, கோப்பிக்கு வைத்திருந்த சீனிப் பொட்டலங்களில் பத்துப் பன்னிரண்டைப் பிய்த்து அதற்குள் கொட்டினேன். அவசரத்தில் பாதி மேசையில் சிந்தியது. கடைக்காரன் பார்த்துக்கொண்டு நின்றான். மூடியைத் திருகி, அடியில் சீனி தெரியாமல் போகும்வரை குலுக்கிக்கொண்டே இறங்கி வந்தேன். விரதத்தில் அவர் தண்ணீர் குடிப்பார். தண்ணீர் மட்டும்.

"தண்ணி. குடியுங்கோ" என்றேன்.

இந்துஜா என் முகத்தைப் பார்த்தாள். அவளுக்கு விளங்கிவிட்டது. குடையை ஒரு பக்கம் சாய்த்து அவர் கண்ணில் வெயில் படாமல் பிடித்தாள்.

முதல் மிடறு போனது. அவர் போத்தலை வாயிலிருந்து எடுத்தார். என்னைப் பார்த்தார். எவ்வளவு நேரம் பார்த்தார் என்று என்னால் இன்று சொல்ல முடியாது. அந்தக் கண்கள் எதையும் கண்டுகொள்ளாத கண்களாகவும் இருந்திருக்கலாம், எல்லாவற்றையும் கண்டுகொண்ட கண்களாகவும் இருந்திருக்கலாம். பிறகு போத்தலைத் திரும்ப உதட்டில் வைத்து, மூச்சு விடாமல், கடைசித் துளிவரை குடித்தார்.

கால் மணித்தியாலத்தில் மூன்று புள்ளி நான்கு. பிறகு நான்கு புள்ளி ஒன்று. அம்புக்குறி மேலே திரும்பியது. கை துள்ளுவது நின்றது. "எல்லாரையும் மினக்கெடுத்திப்போட்டன் என்ன?" என்று இந்துஜாவிடம் கேட்டார். "உம்மிலை கத்தினனான் போல கிடக்கு, பிள்ளை."

"எங்கப்பா இதவிட சத்தமா கத்துவார் அங்கிள்" என்றாள் அவள்.

நான் எம்மாவிடம் போய் நோர்வேஜிய மொழியில் விசயத்தைச் சொன்னேன். தகப்பனுக்காகச் செய்யும் ஒரு கடமை, கடலில் முழுகினால்தான் சாப்பிடுவார், அவருக்கு நீரிழிவு. சாப்பிட முன்னர் கடலுக்குப் போகலாமா என்று அவள் ஆசிரியர்களைக் கேட்டாள். நால்வரும் ஒரு நிமிடம்கூட யோசிக்கவில்லை. சாப்பாடு எங்கே ஓடப்போகிறது என்றார் ஒருவர். இன்னொருத்தி, காலையிலேயே சொல்லியிருக்கலாமே என்றாள். கோபமாக அல்ல, உண்மையாகவே விளங்காமல். வானில் அவர் என் பக்கத்தில் இருந்தார். காலிப் போத்தலை மடியில் வைத்திருந்தார். ஆரணி திரும்ப அழைத்தபோது அவரே எடுத்து, "ஒண்டும் இல்லைப் பிள்ளை, அம்மா தண்ணி தந்தவ" என்றார்.

அம்மா தண்ணி தந்தவ. இதை நான் எத்தனை விதமாகச் சொல்லிப் பார்த்திருப்பேன். அடுத்த மாசி மாதம் ஒரு காலை வேலைக்குப் போக சப்பாத்துப் போட்டவர் வாசலிலேயே சரிந்தார், பிறகு எழும்பவில்லை. சீனி அல்ல, இருதயம். அந்தப் பயணத்துக்கும் அதற்கும் இடையில் ஆறு மாதம் இருந்தது. ஆறு மாதமும் ஒரே மேசையில் சாப்பிட்டோம். நான் சொல்லவில்லை. அவர் கேட்கவில்லை. அன்று கொடுத்ததற்காக எனக்கு மனவருத்தம் இல்லை. இன்னொருமுறை அந்தப் படிகளில் நின்றாலும் கொடுப்பேன். ஆனால் அது என்ன தண்ணீர் என்று கடலில் இறங்குவதற்கு முன் அவருக்குச் சொல்லியிருக்க வேண்டுமா இல்லையா என்பதுதான், ரொம்மனில் எங்கள் வீட்டு யன்னலுக்கு முன்னால் இருந்து நான் எழுதி எழுதி அழிக்கிற இடம்.

மாத்தலாவில் கடற்கரை ஒரு சிறிய குடாவாக இருந்தது. ஒரு பக்கத்துப் பாறை முழுக்கச் சதுரம் சதுரமான குகைகள். ரோமர் காலத்தில் பிணம் வைத்த அறைகள் என்று எம்மா சொன்னாள். கீழே நிறக் குடைகள், சாய்வுக் கதிரைகள், வாளியோடு ஓடும் பிள்ளைகள். ஆசிரியர்கள் கொஞ்சம் தள்ளி ஒரு பக்கமாகப் போய் இருந்தார்கள், பார்க்காமல் இருப்பதற்காக. இந்துஜாவும் அஷ்வினும் கூட அப்பால் போய்விட்டார்கள். அவர் சட்டையைக் கழற்றி என்னிடம் தந்தார். மேல்கையில் வெள்ளை வட்டம் வெயிலில் மின்னியது. எள்ளுப் பொட்டலத்தை விரலிடுக்கில் பிடித்துக்கொண்டு, மிதவையில் படுத்திருந்தவர்களைத் தாண்டி நெஞ்சளவு தண்ணீருக்குப் போனார்.

மூன்று தரம் முழுகினார். பிறகு இடப்பக்கம், தெற்கே திரும்பி நின்றார். இரண்டு கைகளையும் சேர்த்து அள்ளி, உயர்த்தி, விட்டார். வாய் அசைந்தது. தகப்பனுடைய பேரைச் சொல்கிறார் என்று எனக்குத் தெரியும். இரண்டாவது முறை அள்ளினார். மூன்றாவது முறை.

அத்தோடு முடிந்தது என்று நான் துவாயை விரித்தேன். அவர் திரும்பவும் அள்ளினார். இந்த முறை தெற்கே பார்க்காமல் என் பக்கமாகத் திரும்பினார். வெயில் அவருக்குப் பின்னால் நின்றதால் முகம் எனக்குக் கறுப்பாகத்தான் தெரிந்தது. படிக்கட்டில் நான் போத்தலை நீட்டியதுபோல எனக்கு நீட்டிய கைகளிலிருந்து தண்ணீர் விரலிடுக்குகளால் ஒழுகிக்கொண்டிருந்தது. அலை ஒன்று வந்து அவரை அசைத்துவிட்டுக் கரைக்குப் போனது. அவர் கைகளைப் பிரிக்கவில்லை.