கோச் வெர்லின் இறங்கிய ஆழம்

ஹால்வர்சன் கல்லூரியின் அமெரிக்க ஃபுட்பால் கோச் வெர்லின் டீட்மர், தன் அணி எத்தனை புள்ளி வித்தியாசத்தில் தோற்கிறதோ அத்தனை நூல் (எட்டு நூல் ஓர் அங்குலம்) தரைக்குள் இறங்கிவிடுவார். ஜெயித்தால் அதே கணக்கில் மேலே வருவார். மண், சிமெண்ட், மரத்தளம் எல்லாமே அவருக்குத் தண்ணீர் மாதிரிதான். முழங்கால் ஆழத்தில் தபால் நிலையத்துக்கும் இடுப்பு ஆழத்தில் தேவாலயத்துக்கும் போய்வந்தார். மக்காச்சோள விலை ஏறுவதையும் இறங்குவதையும் பார்த்துப் பழகிய நெப்ராஸ்காக்காரர்கள் இதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. ஸ்கோர் பலகை பழுதான சனிக்கிழமைகளில், மைதான ஓரத்தில் கோச் எவ்வளவு தெரிகிறார் என்று பார்த்தே ஆட்டத்தின் போக்கைத் தெரிந்துகொண்டார்கள்.

அவரை இறக்கியது அவருடைய ஜாக்கிரதை. மூன்று முயற்சியில் பத்து கெஜம் போக முடியாவிட்டால், நான்காவது முயற்சியில் துணிந்து ஓடலாம், அல்லது பந்தை எதிரிப் பக்கம் உதைத்துவிட்டுத் தப்பிக்கலாம். வெர்லின் எப்போதும் உதைத்தார். அரை கெஜம் பாக்கி இருந்தாலும் உதைத்தார். இப்படியே பத்தொன்பது வருஷம் உதைத்து, 1987 இலையுதிர் காலத்தில் அவருடைய தொப்பி உச்சியிலிருந்த ஒரு நூல் உயரக் குமிழ் மட்டும் புல்லுக்கு மேலே மிஞ்சியிருந்தது.

கல்லூரித் தலைவர் டாக்டர் பிரெண்டிஸ் தார்ன்குவிஸ்ட், ‘குணநலனே நமது கோப்பை’ என்று வருஷம் தவறாமல் பேசுகிறவர். கோச்சை நீக்கினால் ஈரமில்லாதவர் என்ற பெயர் வரும். கோச் தானாக மறைந்தால் இரங்கல் உரை ஆற்றலாம். ஆகவே அறங்காவலர் குழு ஒரு தீர்மானம் போட்டது: சீசனின் கடைசி ஆட்டம் முடியும்போது கோச்சின் உடம்பிலோ உடையிலோ ஏதாவது ஒரு பாகம் கண்ணுக்குத் தெரிய வேண்டும், தெரியாவிட்டால் பதவி காலி, கல்லூரி கொடுத்த வீடும் காலி.

வீடுதான் பெரிய விஷயம். அது மாடி வீடு. வெர்லின் மாடியில் நின்றால் கீழே சமையலறைக் கூரையிலிருந்து முழுசாகத் தொங்குவார். மனைவி ஆர்டித் ஏணி போட்டு ஏறி அவருக்குச் சாப்பாடு ஊட்டுவாள், முகம் பார்த்துப் பேசுவாள். வீடு போனால் கியர்னி ஊரில் அவள் தம்பியின் ட்ரெய்லர்தான், அந்த மாடியில்லாத சக்கர வீடுதான் கதி. அதற்குக் கீழே வெறும் மண். அங்கே போனால் புருஷன் முகத்தைக் காண வழியே கிடையாது.

கடைசி ஆட்டம் பெல்ஃபோர்ட் கல்லூரியோடு. முதல் கால் பகுதியிலேயே குமிழ் மறைந்துவிட்டது. அதன்பின் வெர்லினின் குரல் மட்டும் மண்ணுக்கடியிலிருந்து ஹெட்செட் வழியாக வந்துகொண்டிருந்தது. கடிகாரம் நிற்கும் நேரத்தில் ஹால்வர்சன் பந்தை எதிரிக் கோட்டைத் தாண்டிக் கொண்டுபோய் ஆறு புள்ளி டச்டவுன் ஒன்று போட்டது: பெல்ஃபோர்ட் இருபத்தொன்று, ஹால்வர்சன் இருபது. இனி ஒரே ஒரு வாய்ப்பு. பந்தை இரண்டு கம்பத்துக்கு நடுவே உதைத்தால் ஒரு புள்ளி, ஆட்டம் சமன். கோட்டைத் தாண்டி எடுத்துப்போனால் இரண்டு, வெற்றி. தார்ன்குவிஸ்ட் அதற்குள் தொப்பியை மார்பில் வைத்துக்கொண்டு ஒலிபெருக்கியில் தொடங்கிவிட்டார்: “நம்மிடையே உயர்ந்து நின்ற ஒரு மாமனிதர்...”

“கோச், உதைச்சிருவோம்,” என்றான் உதவி கோச் டுவேன். “சமன் ஆனா குமிழ் வெளிய வந்துரும். வேலையும் தங்கும், வீடும் தங்கும்.”

“ஆமாப்பா, உதைங்க,” என்றது மண். “அதான் புத்தி.”

ஆர்டித் வேலியைத் தாண்டி வந்து டுவேனின் தலையிலிருந்து ஹெட்செட்டைப் பிடுங்கினாள்.

“வெர்லின், நான்தான்.”

“நீ எதுக்கு இங்க வந்த? குளிருது, போய் உக்காரு.”

“வாயை மூடு. உன் மூஞ்சியப் பாக்க ஏணி ஏறி ஏறி என் முட்டியே போச்சு. சமன்ல என்ன கிடைக்கும்? இன்னொரு வருஷம் ஏணி. ரெண்டுக்குப் போ.”

“தவறிப்போச்சுன்னா ட்ரெய்லர், ஆர்டித். அப்புறம் மூஞ்சியே கிடையாது.”

“தெரியும். பத்தொன்பது வருஷமா உன் புத்தியப் பாத்தாச்சு. ஒரு தடவை உன் கிறுக்குத்தனத்தையும் பாத்துக்கறேன்.”

மண்ணுக்கடியில் ஒரு இருமல். நடுவர் விசிலை வாயில் வைத்துவிட்டார்.

“டுவேன்கிட்ட சொல்லு,” என்றார் வெர்லின். “ரெண்டு.”

பன்றிப் பண்ணைக்காரர் மகன் லப்பர்ஸ் பந்தை வயிற்றோடு அணைத்துக்கொண்டு தலையைக் கொடுத்தான். இருபத்திரண்டு பேர் குவிந்து விழுந்தார்கள். நடுவர் ஒவ்வொருவராகப் பிடித்து இழுத்துக் குவியலைப் பிரித்தார். தார்ன்குவிஸ்ட்டின் உரை ‘என்றென்றும்’ என்ற இடத்தில் நின்றது. பார்வையாளர் வரிசையிலிருந்த சனங்களில் ஒருவர்கூட நடுவரைப் பார்க்கவில்லை. எல்லாருடைய கண்ணும் மைதான ஓரத்துப் புல்லின் மேலேயே இருந்தது.

குமிழ் வந்தது. அதற்குக் கீழே ஒரு நூல் அளவு தொப்பித் துணியும் வந்தது. அதற்கப்புறம்தான் நடுவர் கையைத் தூக்கினார்.

வெற்றி பெற்ற கோச்சின் தலையில் ஊற்றுவதற்குக் குளிர்பானப் பீப்பாயைத் தூக்கி வந்த பையன்கள், தலை எங்கே என்று தேடிக் குமிழின் மேல் கவிழ்த்தார்கள். “டேய், சில்லுங்குதுடா!” என்றது மண். தார்ன்குவிஸ்ட் கையிலிருந்த அதே தாளை வாழ்த்துரையாக வாசித்து முடித்தார். பெரிதாக எதையும் மாற்ற வேண்டியிருக்கவில்லை.

அதற்குப் பிறகு வெர்லின் நான்காவது முயற்சியில் உதைப்பதை விட்டுவிட்டார். தோல்விகளும் வந்தன, ஆனால் வெற்றிகளே அதிகம். இரண்டாவது வருஷம் நெற்றி தெரிந்தது, நான்காவது வருஷம் தாடை. ஏணி கொட்டகைக்குப் போனது. ஓய்வு பெற்ற அன்று கணுக்காலுக்குக் கீழே கொஞ்சம்தான் பாக்கி. அது அப்படியே நின்றுவிட்டது, வீடும் அவர்களுக்கே நின்றுவிட்டது. இப்போதும் அவர் மாடியில் நடந்தால் சமையலறைக் கூரையில் இரண்டு பூட்ஸ் அடிகள் நகரும். மின்விசிறியைத் துடைக்கிற நாளில் ஆர்டித் அவரை ஒரு நிமிஷம் நிற்கச் சொல்லி, அவற்றையும் துடைத்துவிடுவாள்.