தண்ணீர் ஒதுங்கிய வீடு

இரண்டாவது வெள்ளம் பம்ப் மெக்கானிக்கின் வீட்டுக்குள் மட்டும் நுழையவில்லை. தெருவில் கழுத்தளவு ஓடிய தண்ணீர் அவர் கேட் வரை வந்து, சுவர்போல நிமிர்ந்து நின்று, இருபக்கமும் பிரிந்து போனது. உள்ளே தரைகூட நனையவில்லை.

அதற்காக அவர் பதினொரு வருஷம் பாடுபட்டிருந்தார். முதல் வெள்ளத்தில் மாடியில் நின்று தொண்டை கிழியக் கத்தியும் யாரும் வரவில்லை, மனைவி வெள்ளத்தோடு போய்விட்டாள். இனி யார் கையையும் எதிர்பார்ப்பதில்லை என்று அன்றே முடிவு கட்டினார். அரிசி, குடிநீர், மருந்து, பேட்டரி எல்லாம் இரண்டு பேருக்கு ஆறு மாதத்துக்கு வீட்டில் இருந்தன. மகள் ஏழு வயதில் நீந்தினாள், ஒன்பதில் கண்ணைக் கட்டிக்கொண்டே ஃபியூஸ் போட்டாள். தெருவார் கேலியாக அவரைக் கப்பல்காரர் என்றார்கள். அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

எதிர்வீட்டுத் தையல்காரி ஒரு கையால் ஜன்னல் கம்பியைப் பிடித்து, மறுகையால் கைக்குழந்தையைத் தலைக்கு மேல் தூக்கியபடி நின்றாள். மகள் கயிற்றை இடுப்பில் கட்டிக்கொண்டு கேட்டை நோக்கி நடந்தாள்.

“தொறக்காத கண்ணு. தண்ணி உள்ள வந்துடும். சேர்த்து வச்சது எல்லாம் போயிடும்.”

“அன்னைக்கு அம்மாவுக்காக நீ கத்துனதைக் கேட்டுக்கிட்டு எத்தனை பேருப்பா இப்படி உள்ளயே நின்னாங்க?”

அவர் கயிற்றின் மறுமுனையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார்.

கேட் திறந்தும் தண்ணீர் உள்ளே வரவில்லை. மகள் திரையை விலக்குவதுபோல அதற்குள் போனாள். முதல் தடவை குழந்தையைக் கொண்டுவந்து அப்பாவின் காலடியில் கிடத்தினாள். இரண்டாம் தடவை கயிறு கனத்தது. அவர் மூச்சைப் பிடித்து இழுத்தார். முனையில் தையல்காரி மட்டும் வந்தாள். மகள் தன் கயிற்றை அவிழ்த்து அவளுக்குக் கட்டியிருந்தாள். மிதந்து வந்த மரம் ஒன்று அதற்குள் மகளை அடித்துக்கொண்டு போயிருந்தது. மூன்றாம் நாள் பாலத்தடியில் கிடைத்தாள்.

தையல்காரியை அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. கேட்டையும் மூடவில்லை. ஆறு மாதத்துக்கு வைத்திருந்ததைத் தெரு ஒன்பது நாளில் சாப்பிட்டு முடித்தது.

அதற்குப் பிறகு அந்த வீட்டின் மேல் மழை பெய்வதில்லை. வானிலை அலுவலகத்திலிருந்து ஒருவர் வந்து, இரண்டு வருஷம் அளந்து, பூஜ்யம் என்று எழுதிக்கொண்டு போனார். கிணறு வற்றியது. முதல் குடம் தண்ணீரைத் தையல்காரி கொண்டுவந்தாள். அவள் முகத்தைப் பார்க்காமல் வாங்கிக்கொண்டார். இப்போது வீட்டுக்கொரு குடம் முறைவைத்து வருகிறது.

மழைக்காலத்தில் தெருவின் துணியெல்லாம் அவர் மாடியில்தான் காய்கிறது. சாயங்காலம் அவரே எடுத்து மடித்து, வீடு வீடாகப் பிரித்து வைக்கிறார். தையல்காரியின் குழந்தையுடைய சின்ன கவுன்களை மடிக்க மட்டும் கொஞ்சம் நேரமாகும். யாரும் அவசரப்படுத்துவதில்லை.