சிவப்பு டேப் ஒட்டிய தொட்டி

1

இந்தக் கதை எங்கிருந்து வந்தது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: அக்கா வீட்டுப் பின்னறையிலிருந்து. அங்கே இரண்டு கண்ணாடித் தொட்டிகள். ஒன்றில் சிவப்பு டேப், மற்றதில் நீல டேப். இரண்டிலும் விரல்கணு நீளத்தில் சாம்பல் நிற மீன்கள். பார்க்க ஒரு விசேஷமும் கிடையாது. மலைக்கு மேற்கே ஓடும் ஓடையின் மீன்கள் நீலத்தில், கிழக்கு ஓடையின் மீன்கள் சிவப்பில். கிழக்கு ஓடை ஒரு கோடையில் அடியோடு வற்றிவிட்டது. அந்த மீன் இன்று அக்காவிடம் மட்டும்தான் இருக்கிறது.

"பின்னறையில் காற்று மோட்டாரின் சத்தம் விடாமல் கேட்டுக்கொண்டிருக்க, அவள்" — வேண்டாம். மோட்டார் சத்தத்தில் தொடங்கும் கதையை நானே பாதியில் மூடிவிடுவேன்.

2

அக்கா பல் செட் செய்கிறவள். ஒவ்வொருவரின் அச்சுக்கும் தனி டப்பா, தனி எண். இருபத்தாறு வருஷத்தில் ஒருவர் பல்லை இன்னொருவர் வாய்க்கு அனுப்பியதில்லை. மீனுக்கும் அதே சட்டம்தான். ஒவ்வொரு தொட்டிக்கும் தனி வலை, தனி வாளி. ஒன்றில் நனைந்த கையை நன்றாகத் துடைக்காமல் அடுத்ததில் விடமாட்டாள்.*

"கலந்துட்டா எனக்கே பிரிக்கத் தெரியாதுடா," என்று ஒருமுறை என்னிடம் சொன்னாள். "அந்த டேப்பு மட்டும்தான் அடையாளம்."

நான் எழுதுவதையெல்லாம் முதலில் படிப்பவளும் அவள்தான். படித்துவிட்டு எப்போதும் ஒரே தீர்ப்பு: எல்லாம் சரி, முடிவு மட்டும் பொய்யா இருக்கு.

(* அத்தான் ஒருநாள் வலையை மாற்றி எடுத்துவிட்டார். இரண்டு நாள் அக்கா அவரோடு பேசவில்லை. அத்தான் அதை லீவு என்று சொல்லிக்கொண்டார்.)

3

இனி பக்கத்து வீட்டுக்காரர். இவர்மேல்தான் எனக்குச் சந்தேகம்.

மகளின் பிரசவத்துக்காக அக்கா அத்தானோடு பத்து நாள் வெளியூர் போகிறாள். மீன்களை இவரிடம் ஒப்படைக்கிறாள். ஐந்தாம் நாள் அவர் சிவப்புத் தொட்டியில் ரப்பர் குழாயைப் போட்டு, பழைய தண்ணீரை வாளிக்கு இறக்குகிறார். மூன்றில் ஒரு பங்கு இறங்கியதும் நிறுத்த வேண்டும். அந்த நேரம் பார்த்து அவருக்கு போன் வருகிறது. [அடித்துவிட்டேன்.] வாசலில் யாரோ கூப்பிடுகிறார்கள். [இதையும்.] ஏதோ ஒரு காரணத்தால் அவர் போய்விடுகிறார்.

திரும்பி வந்தால் வாளி நிரம்பித் தரையெல்லாம் தண்ணீர். தொட்டியில் விரல் அகலம்கூட இல்லை. மீன்கள் பக்கவாட்டில் கிடந்து துடிக்கின்றன. பதறிப்போய் அள்ளி, கைக்கெட்டிய தண்ணீரில் போடுகிறார். கைக்கெட்டியது நீலத் தொட்டி.

பிறகு சிவப்பை நிரப்பி, முன்பிருந்த கணக்குக்கு அந்தக் கூட்டத்திலிருந்து இருபத்துநாலு மீனைப் பிடித்துத் திரும்ப விடுகிறார். எந்த இருபத்துநாலு? கைக்கு வந்த இருபத்துநாலு.

இந்தப் பக்கத்து வீட்டுக்காரர் என்ன செய்தும் கதையில் ஒட்டமாட்டேன் என்கிறார். ஒட்ட நியாயமில்லை. மனிதருக்கு மீன் வாடையே ஆகாது. அக்கா வீட்டுப் படியைக்கூட மிதித்ததில்லை.

3 (மறுபடியும்)

நான்தான்.

போன் வரவில்லை. மனதில் ஒரு வாக்கியம் வந்தது, அதை எழுதிவைக்கப் போனேன். அந்த வாக்கியம் இன்றுவரை எந்தக் கதைக்கும் உதவவில்லை.

அக்கா திரும்பி வந்து, பெட்டியைக்கூட இறக்காமல் மீன்களை எண்ணினாள். "ஒண்ணுகூடச் சாகல. உன்னைப் போய் நம்பாம இருந்தேனே," என்றாள். டீ போட்டுக் கொடுத்தாள். குடித்துவிட்டு டம்ளரைக் கழுவி வைத்தேன். வெட்கமாக இருக்கிறது.

5

(நாலு எங்கே என்று கேட்காதீர்கள். நான் எண்ணிய லட்சணம் தெரியும்தானே.)

கிழக்கு ஓடையில் மூன்று வருஷமாகத் தண்ணீர் வற்றாமல் நிற்கிறது. அதைக் கவனித்துவரும் மனிதரை நாங்கள் ஓடைக்காரர் என்போம். சனிக்கிழமை பத்து மணிக்கு அவர் வருகிறார், சிவப்புத் தொட்டி மீன்களைக் கொண்டுபோய் ஓடையில் விட.

முதல் முடிவு: யாரும் வாய் திறக்கவில்லை. மீன்கள் ஓடையில் இறங்குகின்றன, அக்கா அழுகிறாள், எல்லோரும் கைதட்டுகிறார்கள். மேற்கு மீனோடு கலந்து கிழக்கு மீன் அன்றோடு தீர்ந்தது, அது ஒருவனுக்கு மட்டும் தெரியும்.

இரண்டாவது: சொல்லிவிடுகிறேன். வால் நுனியைத் துளி நறுக்கிச் சோதித்தால் தெரியலாமாம், ஆனால் மாதக்கணக்காகும். மீனின் ஆயுளே இரண்டு வருஷம். போதாததற்கு இரண்டு தொட்டியின் பாசியிலும் குஞ்சுகள் ஓடுகின்றன. அவை யார் பிள்ளைகளோ! பதினோரு வருஷமாக அவள் பிரித்துவைத்தது என் ஒருவனால்…

மூன்றாவது: அதிர்ஷ்டவசமாகச் சரியாகவே பிரித்துவிட்டேன். எழுதிப் பார்த்தேன். எனக்கே சிரிப்பு வந்தது.

எது சரி என்று சத்தியமாகத் தெரியவில்லை. தொட்டி முன்னால் மணிக்கணக்கில் உட்கார்ந்து பார்த்தாயிற்று. எல்லாம் ஒரே மாதிரி என்னைப் பார்க்கின்றன.

6

வாசகரே, முடிவை உங்களிடமே விட்டுவிடுகிறேன் என்று எழுதிவிட்டு நழுவத்தான் நினைத்தேன். ஆனால் இதை முதலில் படிக்கப்போவது யார் என்று எனக்குத் தெரியும்.

அக்கா, இன்று வியாழக்கிழமை. ஓடைக்காரர் வர நடுவில் ஒரு நாள் இருக்கிறது. தாள்களை மீன் தீனி டப்பாவின் அடியில் வைக்கிறேன், சாயங்காலம் தீனி போட வரும்போது கண்ணில் படும். முடிவு மட்டும் பொய்யா இருக்கு என்பாயே. இதில் முடிவு வைக்கவில்லை.

படித்துவிட்டுக் கூப்பிடு. வாசற்படியில்தான் உட்கார்ந்திருக்கிறேன்.