பாட்டிலில் ஏறிய சாப்பாடு

மாமாவின் குடலில் இருந்த கட்டியை எடுக்க நாள் குறித்தார்கள். அவரைத் தன் வார்டிலேயே சேர்த்தது அக்காள் மகள்தான். படிப்பை முடித்துவிட்டு அதே ஆஸ்பத்திரியில் பயிற்சி டாக்டராக இருந்தாள். தகப்பன் இல்லாத பிள்ளையை லாரி ஓட்டிப் படிக்கவைத்தவர் அவர். "நம்ம டாக்டரம்மா இருக்கா, எனக்கென்ன கவலை" என்று பக்கத்துக் கட்டில்காரர்களிடம் பீற்றிக்கொண்டார்.

ஆபரேஷனுக்கு முந்தின ராத்திரியே வயிறு காலியாக வேண்டும். பேதி மருந்து கொடுத்துக் குடலைக் கழுவி, 'வாய்வழி எதுவும் தரக்கூடாது' என்ற அட்டையைத் தலைமாட்டில் தொங்கவிட்டாள். காலையில் விபத்துக் கேஸ்கள் வந்து தியேட்டரைப் பிடித்துக்கொண்டன. மறுநாள் மயக்க டாக்டர் லீவு. அப்புறம் ஏதோ மெஷின் ரிப்பேர். நாளை, நாளை என்று இரண்டு வாரம் தள்ளிப்போனதே தவிர, அந்த அட்டையைக் கழற்ற ஒருவருக்கும் தோன்றவில்லை. கழுவிய குடல் கழுவியபடியே இருக்கட்டும் என்று குளுக்கோஸ் பாட்டிலை மாற்றி மாற்றி ஏற்றினார்கள். அந்த வார்டில் அதுதான் வழக்கம். வழக்கம் என்று ஒன்று வந்துவிட்டால் மூளையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிடலாம் அல்லவா?

"லாரிக்குக்கூட டீசல் ஊத்தினாத்தான் ஓடும், டாக்டரம்மா. ஒரு வாய் ஏதாவது கொடேன்" என்றார் மாமா.

"சாப்பாடுதான் பாட்டில்ல ஏறுதே மாமா. கொஞ்சம் பொறுத்துக்கோங்க."

அவள் பொய் சொல்லவில்லை. அப்படித்தான் நம்பினாள். கல்லூரியில் உணவைப் பற்றி ஒரே ஒரு மத்தியான வகுப்பு. பரீட்சையில் கேள்வி வராது என்று சீனியர்கள் சொல்லிவிட்டதால் பாதிப் பேர் போகவில்லை, அவளும்தான். இப்போது ரத்தத்தில் உப்பு, சர்க்கரை எல்லாவற்றையும் தினமும் அளந்தாள். ஆளை ஒரு தடவைகூட எடை மெஷினில் ஏற்றவில்லை. கன்னம் ஒட்டிப்போனதைக் கட்டியின் வேலை என்று நினைத்துக்கொண்டாள்.

ஒருவழியாக ஆபரேஷன் நடந்தது. கட்டி முழுசாக வந்துவிட்டது. அத்தை அவள் கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். சில நாளில் உள்ளே போட்ட தையல் விட்டுப்போய் வயிறெல்லாம் சீழ் கட்டியது. பெரிய டாக்டர் மறுபடி திறந்து பார்த்தார்.

"சதை சேரவே இல்ல. சேர்றதுக்கு உடம்புல என்ன இருக்கு? எப்பலேர்ந்து இந்த ஆள் பட்டினி?"

"குளுக்கோஸ் போய்க்கிட்டுதான் சார் இருந்துச்சு."

"அது சர்க்கரைத் தண்ணிம்மா. ஒரு பச்சைக் குழந்தைக்குக்கூடக் காணாது."

சொல்லிவிட்டார் பெரிய மனுஷன். தினமும் அதே கட்டில் பக்கத்தில் நின்று அதே அட்டையைப் பார்த்துவிட்டுப் போனவர்தான் அவரும்.

மறுநாள் மத்தியானம் மாமா போய்விட்டார். சர்ட்டிஃபிகேட்டில் கிருமித் தொற்று என்று எழுதினார்கள். அவளும் வாயை மூடிக்கொண்டிருந்தால் யாருக்கும் தெரியப்போவதில்லை. ஆனால் மனசு கேட்கவில்லை. அத்தையை வராந்தா பெஞ்சில் உட்காரவைத்தாள்.

"கட்டியால இல்ல அத்தை. நாங்க அவரைப் பட்டினி போட்டுட்டோம். அந்த பாட்டில்ல சாப்பாடு இல்ல. எனக்குத் தெரியல அத்தை."

அத்தை திட்டவில்லை. முந்தானையைக் கையில் சுற்றிச் சுற்றிப் பிரித்தாள்.

"பசிக்குதுன்னு என் கையைப் பிடிச்சுக்கிட்டு அழுதாரும்மா. உன்கிட்ட சொல்லக் கூடாதுன்னாரு. நம்ம பொண்ணுக்குத் தெரியாததான்னு நான்தான் அவரை அதட்டினேன்."