சேமிக்க இடமில்லை

அக்கா லாரியை நேராகக் கொண்டுபோய்ச் சுவரில் மோதினாள். கையிலிருந்த செல்போன் ஒருமுறை அதிர்ந்து அடங்கியது. ஆஸ்பத்திரிக் கட்டிலில், மூக்கில் ஆக்சிஜன் குழாயோடு படுத்திருந்த தம்பி, பார்க்கச் சகிக்காமல் கண்ணை மூடிக்கொண்டான்.

“பின்னாடி எடுக்கச் சொன்னா முன்னாடி போற.”

“நான் என்ன லைசென்ஸ் எடுத்துட்டா வந்திருக்கேன்?”

தம்பியும் லைசென்ஸ் எடுத்தவனில்லை. உயரமான ஓர் அலுவலகக் கட்டடத்தில் லிஃப்ட் ஓட்டி ஓய்வுபெற்றவன் அவன். வாழ்நாள் முழுக்க அவன் ஓட்டியதெல்லாம் மேலேயும் கீழேயும்தான். இடம், வலம் என்ற பேச்சே இல்லாத வேலை. அந்தக் குறையோ என்னவோ, வேலையை விட்டு வந்ததும் லாரியைச் சந்துக்குள் நிறுத்தும் இந்த ஆட்டத்தில் விழுந்தான். அப்புறம் பழம் வெட்டுவது, மீனை மீன் விழுங்குவது, மிட்டாய் அடுக்குவது என்று ஒன்று விடாமல் சேர்த்தான். சின்னவள், அதாவது இவர்களுடைய தங்கை, புதுப் போன் வாங்கியபோது கழித்துவிட்ட பழைய போன் அது. ஏற்கெனவே மூச்சு வாங்கிக்கொண்டிருந்தது. இவன் ஏற்றிய பாரத்தில் அதற்குப் பேச்சுமூச்சே இல்லாமல் போய்விட்டது.

இன்றைக்குக் காலையில் அதுதான் பெரிய சிக்கலாக வந்து நின்றது. எதிர்த் தெருவில் எடுத்த ஸ்கேன் படத்தைத் தம்பியின் எண்ணுக்கு அனுப்பியிருந்தார்கள். பெரிய டாக்டர் சுற்றி வருவதற்குள் அதைத் திறந்து வைக்கும்படி சின்ன டாக்டர் சொல்லிவிட்டுப் போனார். போனோ, சேமிக்க இடமில்லை என்று ஒரே பிடிவாதமாகச் சொன்னது. விடிகாலையில் தம்பிக்கு மூச்சுத் திணறியதும் ஆம்புலன்சில் ஏறிய அவசரத்தில் அக்கா தன் போனை வீட்டிலேயே விட்டுவிட்டாள். ஆக, ஆட்டங்களை அழிப்பதைத் தவிர வழியில்லை. தம்பியின் ஆள்காட்டி விரலில் ஆக்சிஜன் அளக்கும் கிளிப் மாட்டியிருந்ததால் அழிக்கும் வேலை அவள் தலையில் விழுந்தது.

பழம் வெட்டுவதைச் சுலபமாகவே விட்டுக்கொடுத்தான். மீனுக்குக் கொஞ்சம் யோசித்தான். அடுத்ததாகக் கல்யாணப் பெண்ணுக்கு அலங்காரம் செய்யும் ஆட்டம் ஒன்று தட்டுப்பட்டது. அக்கா கண்ணாடியை இறக்கிவிட்டு அவனைப் பார்த்தாள். அது தானாக வந்து ஏறிக்கொண்டது என்றான் தம்பி. தானாக வந்தவளுக்குத்தான் இத்தனை நகை பூட்டி வைத்திருக்கிறாயா என்று கேட்டாள். தம்பி குழாயைச் சரி செய்துகொள்கிற சாக்கில் முகத்தைத் திருப்பிக்கொண்டான். பக்கத்துக் கட்டில்காரர் போர்வைக்குள் குலுங்கினார்.

ஒவ்வொன்றை அழிக்கும்போதும் நிச்சயமாக நீக்க வேண்டுமா என்று போன் மறுபடி ஒருமுறை கேட்டது.

“பாரு, ஒரு மிஷின் ரெண்டு தடவை கேக்குது. நீ ஒரு தடவையாவது கேட்டியா?”

“வாயை மூடிட்டு மூச்சு விடு.”

எல்லாம் போயும் இடம் போதவில்லை. மிஞ்சியது லாரிதான், பாதி போனை அதுதான் அடைத்துக்கொண்டு நின்றது. தம்பி அதற்கு மட்டும் மசியவில்லை. கடைசியில் ஒரு நிபந்தனை போட்டான்: பாதியில் நிற்கிற லாரியை ஒழுங்காகச் சந்துக்குள் நிறுத்திவிட்டு அப்புறம் அழிக்கலாம். தன்னால் முடியாது என்பதால் அக்காதான் நிறுத்த வேண்டும். அப்படித்தான் அவள் லாரி ஓட்ட நேர்ந்தது. சுவருக்குப் பிறகு ஒரு விளக்குக் கம்பத்தைச் சாய்த்தாள். ஒரு பெட்டிக்கடையை உருத்தெரியாமல் ஆக்கினாள். தம்பிக்குச் சிரிப்புப் பொத்துக்கொண்டு வந்து, சிரிப்பு இருமலாக மாறி, நர்ஸ் ஓடிவந்து இரண்டு பேரையும் சேர்த்துத் திட்டினாள்.

“நீ டெலிபோன் எக்ஸ்சேஞ்சுலயே இருந்தது ஊருக்கு நல்லது” என்றான் தம்பி, இருமல் அடங்கியதும். “அழிச்சிடு.”

அழித்தாள். ஸ்கேன் படம் வந்து இறங்கியது. பெரிய டாக்டர் அதைக் கையில் வாங்கி, விரலால் பெரிதாக்கிப் பார்த்தார். இன்னும் பெரிதாக்கிப் பார்த்தார். பிறகு போனை அக்காவிடம் கொடுத்துவிட்டு, இவர் இங்கேயே இருக்கட்டும், நீங்களும் பக்கத்திலேயே இருங்கள் என்று மட்டும் சொன்னார். அக்கா மேற்கொண்டு எதுவும் கேட்கவில்லை. கேட்டால் அவர் சொல்லிவிடுவார் என்று இருந்தது.

சாயங்காலம் தம்பி கொஞ்ச நேரம் தூங்கி விழித்தான். குரல் அடியாழத்திலிருந்து வந்தது.

“இப்ப எவ்வளவு இடம் இருக்குன்னு பாரு.”

“நிறைய இருக்கு.”

“அப்ப வேற ஒண்ணு போடலாமா?”

“முதல்ல வீட்டுக்கு வந்து சேரு.”

சரி என்பதுபோல் தலையை ஆட்டிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டான். வெளியே வெயில் இறங்குவதற்குள் முடிந்துவிட்டது.

மறுநாள் காலை வீட்டு முன்னறை நிரம்பிவிட்டது. அந்தக் குடியிருப்பில் எல்லோருக்கும் அவள் அக்கா, அவன் தம்பி. அக்காவின் புருஷன் காலமானபோது, ஒரு வாரம் துணைக்கு இருப்பதாகச் சொல்லி ஒரு பெட்டியோடு வந்து சேர்ந்தவன் தம்பி. அந்த ஒரு வாரம் இவ்வளவு நாள் நீண்டுவிட்டது. நரைத்துப்போன மனிதர்கள்கூட “தம்பி போய்ட்டாரா” என்று கேட்டுக்கொண்டு உள்ளே வந்தார்கள்.

அலுவலகக் கட்டடத்தின் பழைய வாட்ச்மேனும் வந்திருந்தார். அவருக்குக் காது மந்தம். யாரோ அவர் காதருகே குனிந்து, நல்ல மனுஷன், மேலே போய்விட்டார் என்று ஆறுதலாகச் சொன்னார்கள். வாட்ச்மேன் கூரையை அண்ணாந்து பார்த்தார்.

“மேல போறது அவருக்குப் புதுசில்லை. திரும்பக் கீழ வந்துடுவார். இந்தத் தடவைதான் காணோம்” என்றார், அறை முழுக்கக் கேட்கும்படி.

சின்னவளும் அவள் புருஷனும் ராத்திரி பஸ் பிடித்து வந்திருந்தார்கள். மாப்பிள்ளைக்குச் சும்மா உட்காரத் தெரியாது. சாவு வீட்டில் செய்ய வேண்டியதையெல்லாம் மற்றவர்களே செய்துவிட்டதால் கை பரபரத்துக்கொண்டிருந்தது. மாலை போட ஒரு நல்ல படம் வேண்டும் என்று யாரோ சொல்ல, தம்பியின் போனை எடுத்துக்கொண்டு தலைமாட்டு நாற்காலியில் உட்கார்ந்தார். போன் விஷயத்தில் அவருக்குத் தெரியாதது எதுவும் இல்லை என்பது அவருடைய அபிப்பிராயம். படம் தேடியவர் எங்கெங்கோ நுழைந்து, அக்கா அனுப்பிய குரல் செய்திகள் வரிசையாகத் திறக்கப்படாமல் கிடப்பதைக் கண்டுபிடித்தார். ஒவ்வொன்றின் பக்கத்திலும் கீழ்நோக்கி ஓர் அம்புக்குறி. அம்புக்குறியைக் கண்டால் அழுத்தாமல் விடுகிற ஆளில்லை அவர். எல்லாவற்றையும் இறக்கினார். அந்த வேகத்தில் விரல் ஒன்றின் மேல் அழுந்திவிட்டது.

“டேய், வரும்போது உப்பு வாங்கிட்டு வா. கல்லுப்பு. தூள் வேண்டாம். காதுல விழுதா?”

அக்கா டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் காலமெல்லாம் வேலை பார்த்தவள். அவள் குரல், இடி இடித்தாலும் எதிர்முனைக்குப் போய்ச் சேரும். முன்னறையில் அத்தனை பேரும் அவளைத் திரும்பிப் பார்த்தார்கள். அவளோ வாயைத் திறக்காமல் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள்.

ஒன்று முடிந்தால் அடுத்தது தானாகவே பேசும் என்பது மாப்பிள்ளைக்குத் தெரியாத அந்த ஒரே விஷயமாக இருந்தது.

“கேட்டது உப்பு, வந்தது சோப்பு. உப்புக்கும் சோப்புக்கும் வித்தியாசம் தெரியாத வயசா உனக்கு?”

மாப்பிள்ளை நிறுத்தப் பார்த்தார். சத்தம்தான் கூடியது.

“ரெண்டு டிக் விழுந்திருக்கு. கேக்கலைன்னு மட்டும் சொல்லாத. நீ எங்கயாவது விழுந்து கிடக்கியா, இல்லை ஆடிட்டு இருக்கியா? ரெண்டுல எதுன்னு சொல்லிடு.”

சின்னவள் முந்தானையை வாயில் வைத்து அழுத்திக்கொண்டாள். அவள் தோள் குலுங்கியது அழுகையிலா, வேறெதிலா என்று சொல்ல முடியவில்லை. அவளுக்கே தெரிந்திருக்காது. காது மந்தமான வாட்ச்மேன் மட்டும் முகம் கனிந்து பக்கத்தில் இருந்தவரிடம், அக்கா மனம் விட்டு அழுகிறார்கள், தடுக்காதீர்கள், அழுதால்தான் பாரம் குறையும் என்றார். அதற்குள் பக்கத்து வீட்டுப் பெண் ஒருத்தி போனை வாங்கி அமுக்கி அணைத்தாள்.

அறை அமைதியான பிறகு அக்கா முதல்முறையாகப் பேசினாள்.

“மாப்பிள்ளை, இதெல்லாம் அவன் கேக்கவே இல்லையா?”

மாப்பிள்ளை விளக்கினார். வந்து சேர்ந்திருக்கிறது, அதனால் டிக் விழுந்திருக்கிறது. ஆனால் உள்ளே இறங்க இடமில்லை. வாசல் வரைக்கும் வந்து நின்றுவிட்ட மாதிரி. போன வருஷத்திலிருந்தே அப்படித்தான் நின்றிருக்கின்றன. இந்தத் தடவை அவர் சரியாகத்தான் சொன்னார்.

அக்கா எழுந்து சமையலறைக்குப் போனாள். கை கழுவ யாரோ சோப்புக் கேட்டார்கள் என்பது காரணம். அலமாரியின் கீழ்த் தட்டைத் திறந்தாள். துவைக்கிற சோப்பு, குளிக்கிற சோப்பு, பாத்திரம் தேய்க்கிற சோப்பு, தட்டு கொள்ளாமல் அடுக்கியிருந்தது. உப்பு கேட்டால் சோப்பு வரும். பல்பு கேட்டால் சோப்பு வரும். அவளைச் சீண்டுவதற்கென்றே செய்கிறான் என்று ஒவ்வொரு தடவையும் சண்டை பிடித்திருக்கிறாள். மெசேஜ் திறக்கவில்லை என்று அவனும் சொல்லத்தான் செய்தான். டிக் விழுந்த பிறகு என்ன திறக்கவில்லை என்று இவள் நம்பவில்லை. எக்ஸ்சேஞ்சில் இருந்தவளிடமா இந்தக் கதை?

அக்கா ஏதோ கேட்டிருக்கிறாள் என்பது வரைக்கும்தான் அவனுக்குத் தெரிந்திருக்கிறது. என்ன கேட்டாள் என்று கூப்பிட்டு விசாரித்தால் போனில் இடமில்லாத கதை வெளியே வரும். வந்தால் முதல் வேலையாக ஆட்டத்தை அழி என்பாள். வெறுங்கையோடு வந்தாலும் திட்டு. எந்த வீட்டுக்கும் எப்போதும் வேண்டியிருப்பது எது என்று கடை வாசலில் நின்று யோசித்திருப்பான். யோசித்து யோசித்து அவனுக்குத் தோன்றியது சோப்புதான்.

அக்கா ஒரு கட்டியை எடுத்து உறையைப் பிரித்துக் கொடுத்தாள். அலமாரிக் கதவு உடனே மூடிக்கொள்ளவில்லை. சோப்புகளை உள்ளே தள்ளி, சரி செய்து, மெதுவாக மூடினாள்.

பத்தரை மணிக்கு வண்டி வந்தது. கொண்டுபோனார்கள்.

அதற்கு மறுநாள் மத்தியானம் சின்னவளும் மாப்பிள்ளையும் கிளம்பினார்கள். சின்னவள் தன்னோடு வந்து கொஞ்ச நாள் இருக்கும்படி அழைத்தாள். அக்கா பார்க்கலாம் என்றாள். மாப்பிள்ளை செருப்பு மாட்டும்போது, அந்தக் குரல் செய்திகளையும் அழித்துவிட்டால் போன் இன்னும் லேசாகிவிடும், யாருக்காவது கொடுத்துவிடலாம், வேண்டுமானால் தானே அழித்துத் தருகிறேன் என்றார். சின்னவள் அவர் கையைப் பிடித்துப் படியிறக்கிக்கொண்டு போனாள்.

அக்கா கதவைத் தாழிட்டு வந்து உட்கார்ந்தாள். வீடு அவ்வளவு பெரிதாக அவளுக்கு என்றைக்கும் தெரிந்ததில்லை. தம்பியின் போனை எடுத்து, கேட்காமல் விட்ட மிச்சத்தை ஒவ்வொன்றாகக் கேட்டாள். பல்பு வாங்கு. பிளம்பரைக் கூப்பிடு. எங்கே இருக்கிறாய். குடை எடுத்துப் போனாயா. தன் குரல் இவ்வளவு கறாராக இருக்குமென்று அவள் எதிர்பார்க்கவில்லை. எதிர்முனையில் இருப்பவர்கள் எப்படித்தான் தாங்கினார்களோ.

ஒன்று மட்டும் நீளமாக ஓடியது. அனுப்பியதாகவே அவளுக்கு நினைவில்லை. பையில் கிடந்த போன் தானாக அழுந்திப் பதிவாகியிருக்க வேண்டும். முதலில் தக்காளிக்காரனோடு பேரம். நசுங்கினதைத் தள்ளிவிடாதே என்று அதட்டல். பிறகு தெருச் சத்தம், வண்டிகள், பை உரசும் சத்தம். நடக்கிற மூச்சு. நடுவே அவள் ஏதோ முணுமுணுத்துப் பாடிக்கொண்டு வந்தாள். என்ன பாட்டு என்று அவளுக்கே பிடிபடவில்லை. அப்புறம் மாடிப்படி. ஒவ்வொரு படிக்கும் ஒரு பெருமூச்சு. நிறுத்திவிடலாம் என்று விரலைக் கொண்டுபோனாள். கதவைத் தட்டும் சத்தம் கேட்டது. உள்ளே செருப்பில்லாத கால் தேய்த்துக்கொண்டு வந்தது. தாழ்ப்பாள் நீங்கியது.

“ஏன் இவ்வளவு நேரம்?” என்றான் தம்பி. “யார்கூடப் பேசிட்டு வர்ற?”

“யார்கூடப் பேச? தள்ளு, பை கனக்குது.”

“குடு இங்க.”

அதோடு முடிந்தது.

அக்கா போனை மடியில் வைத்துக்கொண்டு கதவையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். கீழே தெருவில் யாரோ ஸ்கூட்டரை உதைத்து உதைத்துக் கிளப்பிப் பார்த்தார்கள். அது கிளம்பிப் போன பிறகு எழுந்து போய்த் தாழ்ப்பாளை நீக்கிவிட்டு வந்து, மறுபடி அதே இடத்தில் உட்கார்ந்துகொண்டாள்.